‘ஒரிஜினல் ஜார்ஜியன்’ என்று தலையில் கட்டப்பட்ட டிராயர் அலமாரி: பழங்காலப் பாணி அலங்காரம் செய்யப் போகிறவர்களுக்கு

பழங்காலப் பாணியில் வீட்டு உள் அலங்காரம் செய்து தருகிறோம் என்று சொல்லும் யாருக்காவது அட்வான்ஸ் கொடுக்கப் போகிறீர்கள் என்றால், அதற்கு முன் இதைப் படித்துவிடுங்கள். கொஞ்சம் நீளம்தான், பொறுத்துக்கொள்ளுங்கள். டிசைனர் பெயரைப் போடவில்லை, காரணம் கடைசியில் இருக்கிறது.

நான் கேட்டது தெளிவான விஷயம். வரவேற்பறை முழுக்க 18ஆம் நூற்றாண்டின் பிற்பகுதி இங்கிலாந்துப் பாணியில் இருக்க வேண்டும், அதாவது கட்டடக் கலைஞர் ராபர்ட் ஆடம், மரச்சாமான் தச்சர் ஹெப்பிள்வைட் காலத்து ஜார்ஜியன் (ஜார்ஜ் மன்னர்கள் ஆண்ட காலத்துப் பாணி): மெலிந்த நேர்க்கால்கள், இடமும் வலமும் ஒத்துப்போகும் அளவான அலங்காரம். நாற்காலியும் மேசையும் இன்று செய்ததாக இருந்தாலும் பரவாயில்லை, ஒரே ஒரு டிராயர் அலமாரி மட்டும் நிஜமாகவே அந்தக் காலத்தில் செய்ததாக வேண்டும் என்றேன். மொத்தத் தொகையில் பாதிக்கு மேல் அந்த ஒன்றுக்குத்தான் போனது. பில்லிலும் ‘ஜார்ஜியன் டிராயர் அலமாரி, 1780 வாக்கில்’ என்றே எழுதித் தந்தார்கள்.

வந்து இறங்கியது கதம்பம். நாற்காலிக் கால்கள் எஸ் எழுத்துபோல வளைந்திருந்தன, முதுகுப் பலகையில் கிளிஞ்சலும் இலைச் சுருளும் ஒரு பக்கம் ஒரு விதம், மறு பக்கம் வேறு விதம். அது பிரான்ஸில் பதினைந்தாம் லூயி காலத்து ரொக்கோகோ, இந்த ஆடம் பாணியே அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு எழுந்ததுதான். சோபா ஆழமாகப் பட்டன் அழுத்தித் தைத்து, உள்ளே சுருள் ஸ்ப்ரிங் வைத்தது. மெத்தைச் சாமான்களில் சுருள் ஸ்ப்ரிங் பரவியதே 19ஆம் நூற்றாண்டில்தான். சுவரில் மாட்டக் கொண்டுவந்த கண்ணாடியோ கோணம் கோணமாக வெட்டிய ஆர்ட் டெக்கோ, 1925 பாரிஸ் கண்காட்சியோடு பேர் வாங்கிய பாணி. கேட்டால், “எல்லாமே கிளாசிக்தானே மேடம்” என்கிறார் டிசைனர். சரி, உங்கள் கணக்கில் நூற்றைம்பது வருஷம் ஒரு பொருட்டே இல்லை போல.

கலந்து வைப்பதில் எனக்கு ஆட்சேபம் கிடையாது, எத்தனையோ நல்ல வீடுகள் அப்படித்தான் இருக்கின்றன. ஒரு காலத்தின் பெயரைச் சொல்லி, அதற்கென்று தனிக் கட்டணமும் வாங்கிவிட்டு, கிடங்கில் தேங்கிக் கிடந்ததை எல்லாம் அனுப்பியதுதான் பிரச்சினை.

இவர்களுக்கு வசதி என்னவென்றால், இந்தக் காலப் பெயர்கள் எல்லாம் கொஞ்சம் இழுத்த இழுப்புக்கு வருபவை. விக்டோரியன் என்றால் 1837 முதல் 1901 வரை, ஒரு முழு ஆயுள். அதற்குள் கோதிக்கை மறுபடி செய்தார்கள், மறுமலர்ச்சிக் காலத்தை மறுபடி செய்தார்கள், ரொக்கோகோவையும் மறுபடி செய்தார்கள். அதனால் வளைந்த காலைப் பார்த்து லூயி காலம் என்று யாராவது சொன்னால், அது அசலுக்கு நூறு வருஷம் கழித்துச் செய்த நகலாகவும் இருக்கலாம், போன மாதம் செய்ததாகவும் இருக்கலாம். ராஜா பெயரை நம்பியும் பயனில்லை. பதினாறாம் லூயி பட்டத்துக்கு வந்தது 1774இல், அவர் பெயரில் சொல்லப்படும் நேர்க்கோட்டுப் பாணி அதற்கு முன்பே பாட்டன் காலத்திலேயே வந்துவிட்டது. வெர்சாய் அரண்மனை வளாகத்தில் 1768இல் முடிந்த ‘பெத்தி ட்ரியானோன்’ மாளிகையைப் பார்த்தாலே தெரியும். லண்டன் மரச்சாமான் தச்சர் சிப்பெண்டேல் கதை இன்னும் மோசம். அவர் 1754இல் வடிவப் படங்களைப் புத்தகமாகவே போட்டுவிட்டார், புத்தகம் கையில் கிடைத்த தச்சர்கள் எல்லாம் பார்த்துப் பார்த்துச் செய்தார்கள். ‘சிப்பெண்டேல் நாற்காலி’ என்று சொன்னால் அவர் பட்டறையில் பிறந்தது என்று அர்த்தம் இல்லை, வடிவம் அந்த மாதிரி என்பதோடு சரி. விற்பவர் இதை வாயே திறக்க மாட்டார்.

அலமாரிக்கு வருகிறேன். முன்னால் நின்று பார்த்தால் அம்சமாகத்தான் இருந்தது, நல்ல மஹோகனி வெனீர் (மேலே ஒட்டும் மெல்லிய மரத் தகடு), பித்தளைக் கைப்பிடி, மேல் பலகையில் அங்கங்கே நசுங்கல். பழைய மரச்சாமான்களைப் பழுது பார்க்கும் தச்சர் ஒருவரை அழைத்துக் காட்டினேன். அவர் முன்பக்கத்தைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை, நேராக ஒரு டிராயரை உருவிக் கவிழ்த்துப் போட்டார்.

மூலையில் புறா வால் மாதிரி விரிந்து கோத்துக்கொள்ளும் மூட்டு இருக்குமே, டவ்டெயில், அது அத்தனையும் ஒரே அகலம், ஒரே இடைவெளி. கையால் அறுத்திருந்தால் ஒன்றுக்கொன்று மயிரிழையாவது மாறும், ஓரத்தில் அளவுக்குக் கீறிய கோடும் தெரியும். இது இயந்திரம் வெட்டியது, அந்த இயந்திரங்கள் புழக்கத்துக்கு வந்தது 19ஆம் நூற்றாண்டின் பின்பாதியில். டிராயரின் அடிப்பலகை பிளைவுட். அதை முடுக்கியிருந்தது ஸ்டார் ஸ்க்ரூ, 1930களுக்கு முன் கடையில் கிடைக்காத சாமான். அலமாரியின் பின்பலகையில் வில் வில்லாக வட்ட ரம்பத்தின் தடம்.

ஆனால் என்னை அசத்தியது வேறு. டிராயர் முகப்பின் உள்பக்கத்தில், இப்போதைய கைப்பிடிக்குச் சம்பந்தமே இல்லாத இடத்தில், மரக்கட்டையால் அடைத்த பழைய துளைகள் இருந்தன. தச்சர் அதில் விரலை வைத்துக்கொண்டே முன்பக்கத்தைத் தடவிப் பார்த்தார். “இது இந்தப் பக்கம் வரலையேம்மா” என்றார். அதாவது எதிலிருந்தோ கழற்றிய பழைய பலகை, அதன் மேல் புது வெனீரை ஒட்டி மூடியிருக்கிறார்கள். பக்கப் பலகையிலும் அதே கதைதான். வண்டு மரத்தைக் குடைந்தால் வெளியே தெரிவது சின்ன வட்டத் துளை மட்டும், குடைந்த பாதை உள்ளுக்குள் மறைந்திருக்கும். இங்கே அந்தப் பாதை வாய்க்கால் வெட்டியதுபோல மேலேயே திறந்து கிடந்தது. பூச்சி அரித்து முடித்த மரத்தை அப்புறம் யாரோ அறுத்திருக்கிறார்கள் என்பதற்கு அதைவிடச் சாட்சி வேண்டாம். மேல் பலகையில் அத்தனை அடி வாங்கிய சாமானுக்கு, டிராயர் உரசி ஓடுகிற அடி விளிம்பு மட்டும் கூர் மழுங்காமல் இருந்தது. இருநூறு வருஷம் அதை யாருமே திறக்கவில்லையாம்!

போட்டோ எல்லாம் அனுப்பிக் கேட்டேன். முதல் பதில், ரெஸ்டோர் செய்யும்போது சில பாகங்களை மாற்றியிருப்பார்கள் என்று. மாற்றாத பாகம் எது என்று கேட்டதும் அடுத்த பதில், “மரம் இருநூறு வருஷப் பழசு மேடம், சத்தியம்”. மரம் பழசாக இருக்கலாம், நான் பணம் கொடுத்தது அலமாரிக்கு. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிற வேலை இது. நல்ல நகலை நகல் என்றே சொல்லி, அதன் விலைக்கு விற்கிறவர்களும் இருக்கிறார்கள், அவர்கள்மேல் எனக்கு மரியாதை உண்டு.

நீங்கள் வாங்கும்போது, எந்த வருஷ வாக்கில் செய்தது, உள்மரம் என்ன, வெனீர் என்ன, எந்தெந்தப் பாகம் மாற்றியது என்று பில்லிலேயே எழுதித் தரச் சொல்லுங்கள். வாயால் சொன்னதை எல்லாம் எழுத மறுத்தால் அங்கேயே எழுந்து வந்துவிடலாம். டிராயரை உருவிப் பார்க்க, பின்பக்கம் திருப்பிப் பார்க்க, மெத்தைக்கு அடியில் டார்ச் அடித்துப் பார்க்கக் கேளுங்கள். ஃபோமும் ஸ்டேப்ளர் பின்னும் மட்டும் கண்ணில் பட்டால் பதற வேண்டாம், பழைய நாற்காலிக்கும் புது மெத்தை போடுவது வழக்கம். துணிக்கு உள்ளே சட்டத்தில் பழைய ஆணித் துளைகள் இருக்கின்றனவா என்பதைத்தான் பார்க்க வேண்டும்.

இப்போதைய நிலவரம்: நான் புகார் கொடுத்த பிறகு அவர்கள் ‘திருத்திய பில்’ என்று ஒன்றை அனுப்பினார்கள். அதில் 1780 காணாமல் போய், ‘ஜார்ஜியன் ஸ்டைல்’ என்று மாறியிருக்கிறது, தொகை மட்டும் ஒரு பைசா மாறவில்லை. பழைய பில் என் மெயிலில் பத்திரமாக இருக்கிறது. இனி எந்தப் புகாரும் இல்லை என்று கையெழுத்துப் போட்டால் ஒரு பகுதியைத் திருப்பித் தருகிறோம் என்கிறார்கள், போடவில்லை. விசாரணை நடக்கும்போது பெயரை வெளியே சொல்ல வேண்டாம் என்பது எனக்குக் கிடைத்த சட்ட ஆலோசனை, அதனால்தான் இங்கே பெயர் இல்லை.