சிங்ஹலைட்: இரத்தினபுரியில் வாங்கிய ஒரு பழுப்புக் கல்லைப் பற்றிய மதிப்பீடு

இலங்கையின் மாணிக்க நகரமான இரத்தினபுரியில் வாங்கிய, சிங்ஹலைட் என்ற அபூர்வமான இரத்தினக்கல்லொன்று, 4.18 காரட் எடையுள்ளது, எட்டு மாதங்களாக எங்கள் வீட்டில் இருக்கிறது. முதல் மூன்று மாதங்கள் அதைக் காகித மடிப்பிலேயே வைத்திருந்து, எனக்குத் தெரிந்த சோதனைகளையெல்லாம் செய்து பார்த்தேன். பிறகு பதக்கமொன்றில் பதிப்பித்தோம், இப்போது அதை என் மனைவி அணிந்துவருகிறார். இந்தக் கல்லை வாங்க நினைப்பவர்களுக்கு உதவும் என்பதாலும், அதன் பெயரைக் கேட்டதும் நம்மவர்கள் கேட்கிற கேள்வி ஒன்றுக்கு ஒழுங்கான விடை சொல்ல வேண்டும் என்பதாலும் இதைச் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

கடையின் பெயரைக் குறிப்பிடவில்லை. பின்னால் சொல்லப்போகும் குறை அந்தக் கடைக்கு மட்டும் உரியதன்று. தெருவில் கைமாறும் கற்களை நம்பி வாங்குமளவுக்கு எனக்குப் பழக்கமில்லாததால், மேசையும் கருவிகளும் உள்ள கடையாகத் தேடிப் போனேன். சிங்ஹலைட் இருக்கிறதா என்று கேட்டதும் கடைக்காரர் (முஸ்லிம் அண்ணன்மாரை அழைப்பதுபோல அவரை ‘நானா’ என்றே அழைத்தேன்) உள்ளறையிலிருந்து ஒரு மடிப்பைக் கொண்டுவந்து விரித்தார். அதில் ஐந்து கற்கள் இருந்தன. மடிப்பின்மேல் பென்சிலால் ‘பெரிடொட்’ என்று வேறொரு இரத்தினக்கல்லின் பெயர் எழுதியிருந்தது. அதைச் சுட்டிக்காட்டினேன். “எங்கட வாப்பாட காலத்துல இதெல்லாம் பெரிடொட் எண்டுதான் வித்த தம்பி, பேர் பிறகுதான் மாறின” என்று அவர் சற்றும் தயங்காமல் சொன்னார்.

அவர் சொன்னது உண்மை. 1952ஆம் ஆண்டுவரை இலங்கையின் மாணிக்க மண்ணிலிருந்து கிடைத்த இந்தப் பழுப்புக் கற்களை வணிகர்கள் மட்டுமல்லாமல் அருங்காட்சியகங்களும் பெரிடொட்டின் பழுப்பு வகையென்றே எண்ணி வைத்திருந்தன. பெரிடொட்டாக இருந்தால் இவ்வளவு கனமாக இருக்கக் கூடாது என்பது மட்டும் உறுத்தலாக இருந்தது. அந்த ஆண்டில் இலண்டனில் பிரித்தானிய அருங்காட்சியகத்தின் இயற்கை வரலாற்றுப் பிரிவைச் சேர்ந்த கிளாரிங்புல், மக்ஸ் ஹே ஆகிய இருவரும் எக்ஸ் கதிர் ஆய்வாலும் இரசாயனப் பகுப்பாய்வாலும் இது மகனீசியமும் அலுமினியமும் கலந்த ஒரு போரேற்று (போரன் என்ற மூலகத்தைக் கொண்ட சேர்வை) என்றும், அதுவரை அறியப்படாத புதிய கனியம் என்றும் நிறுவினார்கள். பெரும்பாலான கனியங்கள் பாறையிலிருந்து எடுத்த மாதிரிகளைக் கொண்டுதான் முதலில் இனங்காணப்படுகின்றன. பட்டைதீட்டி, விற்று, நகையில் பதித்து, பேழையில் பூட்டி வைத்த பிறகு தன் உண்மையான அடையாளத்தைப் பெற்ற மிகச்சில கற்களுள் இதுவும் ஒன்று. என்னை இந்தக் கல்லின்பால் முதலில் ஈர்த்ததும் அதுவே.

இனிக் கல்லைப் பற்றி. புதிதாகக் காய்ச்சிய பனங்கட்டிப் பாகின் நிறம் என்று சொன்னால் யாழ்ப்பாணத்தார் உடனே புரிந்துகொள்வார்கள். செம்மை குறைந்து, ஓரங்களில் இலேசான பச்சை தட்டிய பழுப்பு. கடையின் மஞ்சள் விளக்கு எந்தப் பழுப்புக் கல்லையும் அழகாகக் காட்டிவிடும் என்பதால் அதை வாசலுக்கு எடுத்துச்சென்று காலை வெளிச்சத்தில் பார்த்தேன். ஐந்தில் மூன்று கற்கள் அங்கே தேயிலைச் சாயம்போல மங்கிவிட்டன. நான் தேர்ந்தெடுத்த கல் மங்கவில்லை. விரலிடையில் மெல்லத் திருப்பும்போது ஒரு பக்கம் பச்சை கலந்த பழுப்பாகவும் மறுபக்கம் ஆழ்ந்த பழுப்பாகவும் நிறம் மாறுவது வெறுங்கண்ணுக்கே தெரிகிறது. பத்து மடங்கு உருப்பெருக்கும் வில்லையால் மேல்முகத்தினூடாகப் பார்த்தால், அடியிலுள்ள பட்டைகளின் விளிம்புகள் ஒவ்வொன்றும் இரட்டைக் கோடுகளாகத் தெரிகின்றன. கல்லுக்குள் நுழையும் ஒளி இரண்டாகப் பிரிந்து செல்வதன் விளைவு இது.

பட்டை தீட்டிய வேலைதான் இந்தக் கல்லின் பெரிய குறை. எடையைக் காப்பாற்றுவதற்காக அடிப்பாகத்தை ஆழமாகவும் ஒரு பக்கம் சாய்வாகவும் விட்டிருக்கிறார்கள். அதனால் நேராகப் பார்க்கும்போது நடுவில் ஒளி திரும்பாமல் கண்ணாடி யன்னல்போல ஒரு வெளிறிய இடம் தெரிகிறது. மீண்டும் ஒழுங்காகத் தீட்டினால் அரைக் காரட்டுக்கு மேல் இழக்க வேண்டிவரும் என்று நானாவே வெளிப்படையாகச் சொன்னார். அந்த நேர்மையை மதிக்கிறேன்; ஆயினும் அபூர்வமான கல்லைத் தராசுக்காகத் தீட்டுவது அதற்குச் செய்யும் அநியாயம் என்ற என் எண்ணம் மாறவில்லை.

பழுப்பு நிறத்தில் சிர்க்கோன், கிரைசோபெரில், கார்னட், டூர்மலின் எனப் பல கற்கள் இலங்கையில் கிடைக்கின்றன. வில்லையும், ஒளி கல்லுக்குள் எவ்வளவு வளைகிறது என்பதைக் காட்டும் எண்ணான முறிவுச்சுட்டியை அளக்கும் ரிஃப்ரக்டோமீற்றரும் இருந்தால் அவற்றைப் பிரித்தறிவது கடினமன்று. கார்னட்டில் விளிம்புகள் இரட்டையாகத் தெரிவதில்லை. கிரைசோபெரிலில் அந்தப் பிளவு மிகச் சிறியது. சிர்க்கோனின் முறிவுச்சுட்டி பெரும்பாலும் கருவியின் எல்லையையே தாண்டிவிடும். பெரிடொட்டுடன் ஒப்பிடும்போதுதான் சிக்கல், ஏனெனில் அதிலும் விளிம்புகள் ஏறத்தாழ இதே அளவுக்கு இரட்டிக்கின்றன. கடை மேசையிலேயே அளந்தபோது என் கல் 1.668, 1.706 என்ற அளவுகளைக் காட்டியது. பெரிடொட்டுக்கு இவை வழக்கமாக 1.654, 1.690 அளவில் இருக்கும். அத்துடன் ஒளியை நிறங்களாகப் பிரித்துக் காட்டும் நிறமாலை காட்டியில் பார்த்தால் இரு கற்களிலும் நீலப் பகுதியில் கருங்கோடுகள் தெரியும். சிங்ஹலைட்டில் மட்டும் 463 நனோமீற்றருக்கு அருகே கூடுதலாக ஒரு கோடு இருக்கும். பழகிய கண்ணுக்கு அந்த ஒரு கோடே போதும்.

கருவிகள் இல்லாதவர்கள் வீட்டிலேயே செய்யக்கூடிய சோதனையும் உண்டு. என் கல்லைக் காற்றில் 4.18 காரட் என நிறுத்து, பிறகு மெல்லிய நூலில் கட்டி நீருக்குள் தொங்கவிட்டு நிறுத்தேன், 2.98 காரட் வந்தது. நீரில் குறைந்தது 1.20 காரட். காற்றிலுள்ள எடையை இந்தக் குறைவால் வகுத்தால் 3.48 கிடைக்கிறது, சிங்ஹலைட்டின் ஒப்படர்த்தி, அதாவது அதே கனவளவு நீரைவிட எத்தனை மடங்கு கனம் என்ற எண், அதுவே. பெரிடொட்டுக்கு இது 3.34 அளவில் இருக்கும். அதே எடையுள்ள பெரிடொட் நீரில் 1.25 காரட் குறைந்திருக்கும். வேறுபாடு 0.05 காரட் மட்டுமே என்பதால் காரட்டின் நூறிலொரு பங்கைக் காட்டும் தராசு தேவை; கல்லில் நீர்க்குமிழி ஒட்டியிருக்கிறதா என்றும் பார்த்துக்கொள்ள வேண்டும். ஒரு காரட்டுக்கும் குறைந்த கற்களில் இந்தச் சோதனையை நம்ப முடியாது.

இரண்டு கற்களும் இவ்வளவு ஒத்திருப்பதற்கு அவற்றின் உள்ளமைப்பே காரணம். பெரிடொட் ஒரு சிலிக்கேற்று. அதில் சிலிக்கன் அணு ஒவ்வொன்றும் நான்கு ஒட்சிசன் அணுக்களுக்கு நடுவில் அமர்ந்திருக்க, இரண்டு மகனீசியம் அணுக்கள் உடனிருக்கும். சிங்ஹலைட்டில் சிலிக்கனின் இருக்கையில் போரன் அமர்ந்திருக்கிறது. போரனின் மின்னேற்றம் ஒன்று குறைவு. அதை ஈடுசெய்ய, இரண்டு மகனீசியங்களுள் ஒன்றின் இடத்தை ஒரு மின்னேற்றம் கூடிய அலுமினியம் எடுத்துக்கொள்கிறது. கணக்குச் சரியாகிவிடுகிறது, கட்டடம் மாறவில்லை, குடியிருப்பவர்கள்தான் மாறிவிட்டார்கள். சிறிதளவு இரும்பு சேர்வதால் பழுப்பு நிறம் உண்டாகிறது.

போரேற்று என்றதும் நம் நினைவுக்கு வரவேண்டியது வெங்காரம். பொற்கொல்லர் பட்டறையில் பற்றவைக்கும்போது தூவுகிற அந்த வெள்ளைப் பொடியும் ஒரு போரேற்றுத்தான். வறண்ட ஏரிகளின் படுகையில் உப்பாக விளைவதும், நகத்தால் கீறினாலே கீறுபடுவதும், நீரில் கரைவதும் அந்தக் குடும்பத்தில் பரவலாகக் காணப்படும் இயல்புகள். சிங்ஹலைட்டோ ஆழத்தில், வெப்பத்தாலும் அழுத்தத்தாலும் உருமாறிய சுண்ணாம்புக்கல்லுக்குள், போரன் வந்து சேர்ந்த அரிதான இடங்களில் உருவானது. பாறை அழிந்த பின்னும் அது ஆற்றுப்படுகைகளில் உருண்டு தாங்கி நின்று, மாணிக்கக் கற்களோடு சேர்ந்து மண்ணுக்கடியில் ஒரு படையாகப் படிந்தது. சுரங்கக்காரர்கள் அந்தப் படையை ‘இல்லம்’ என்கிறார்கள். அது சிங்களச் சொல். ஆயினும் கற்கள் குடியிருக்கும் இடத்துக்கு அந்தப் பெயரைக் கேட்கும்போதெல்லாம் தமிழ்க் காதுக்கு ஒரு மகிழ்ச்சி. மியன்மாரிலும் தன்சானியாவிலும் இந்தக் கனியம் கிடைக்கிறது என்றாலும், பட்டைதீட்டத் தகுந்த கற்களுக்கு இன்றும் இலங்கையே முதன்மையான ஊற்று.

பெயருக்கு வருகிறேன். பதக்கத்தைப் பார்த்த என் மாமி, பெயரைக் கேட்டதும் “இதென்ன தம்பி, சிங்களக் கல்லோ?” என்றுதான் கேட்டார். எங்கள் வரலாற்றில் அந்தச் சொல் சுமந்திருப்பவற்றை நினைத்தால் அந்தக் கேள்வி இயல்பானது. அதனாலேயே அதை ஒதுக்கிவிடாமல் விடைசொல்ல விரும்புகிறேன். இந்தப் பெயர் ஒரு மொழியையோ மக்களையோ குறித்து வைக்கப்பட்டதன்று. தீவுக்கு வடமொழியில் வழங்கிய ‘சிம்ஹள’ என்ற பழம்பெயரை எடுத்து, கனியங்களுக்குரிய விகுதியைச் சேர்த்தார்கள். சிம்ஹம் என்றால் சிங்கம். இதே சொல்லோடு தீவு என்ற பொருள்தரும் ‘த்வீப’ சேர்ந்து அரபு மாலுமிகளின் வாயில் ‘சரந்தீப்’ ஆனது. போர்த்துக்கேயர் ‘செயிலாவோ’ என்றார்கள். ஆங்கிலேயரிடம் ‘சிலோன்’ ஆனது. ஆகவே 1952இல் ‘சிலோன்’ என்று உலகம் அழைத்துக்கொண்டிருந்த நாட்டின் கல்லுக்கு, அந்தச் சொல்லின் மூலவடிவத்தையே பெயராக வைத்திருக்கிறார்கள். 1972இல் நாட்டின் பெயர் அதிகாரபூர்வமாக மாறியபோது சிலோன் என்ற பெயர் தேயிலைப் பெட்டிகளில் ஒதுங்கியது. கனியத்தின் பெயர் அப்படியே நிற்கிறது. இதைச் சொன்னபோது மாமி, “அப்ப நாட்டின்ர பேர்தான்” என்று கல்லை மீண்டும் வாங்கிப் பார்த்தார்.

இதற்கு ஒரு மூத்த உடன்பிறப்பும் உண்டு. கங்கப்பிட்டிய என்ற இடத்தில் கிடைத்த நீலநிறக் கனியம் ஒன்றுக்கு, 1903இல் பிரையர் என்பவரும் ஆனந்த குமாரசுவாமியும் சேர்ந்து ‘செரெண்டிபைட்’ என்று பெயரிட்டார்கள். சரந்தீப் என்ற அரபு வடிவத்திலிருந்து பிறந்த பெயர் அது. அந்தக் கனியத்திலும் போரன் இருக்கிறது, சிலிக்கனுடன் சேர்ந்து. கலை வரலாற்றாளராக நாம் போற்றும் குமாரசுவாமி, அந்த நாட்களில் இலங்கைக் கனிய அளவைத் துறைக்குத் தலைமை தாங்கிய நிலவியலாளர். ஆக, ஒரே தீவின் ஒரே பெயர் இரண்டு வடிவங்களில், ஏறத்தாழ அரை நூற்றாண்டு இடைவெளியில், போரன் கொண்ட இரண்டு அபூர்வக் கனியங்களுக்கு அமைந்திருக்கிறது. முதலாவதற்குப் பெயரிட்டவர்களுள் ஒருவர் தமிழரான சேர் முத்துக்குமாரசுவாமியின் மகன். இந்தக் கல்லை வாங்கும் தமிழர் ஒவ்வொருவரும் இதை அறிந்திருக்க வேண்டும் என்று மனமார விரும்புகிறேன்.

அணிவதைப் பொறுத்தவரை என் அனுபவம் நல்லது. கடினத்தன்மை மோஸ் அளவில் 6.5க்கும் 7க்கும் இடையில் இருப்பதால் மாணிக்கம், நீலம்போல இதை நாள்முழுதும் மோதிரத்தில் அணிய முடியாது. தெருப்புழுதியில் கலந்திருக்கும் படிகக்கல் (குவாட்ஸ்) துகள்களே காலப்போக்கில் பட்டை விளிம்புகளை மழுக்கிவிடும். பதக்கத்திலும் தோட்டிலும் கவலையில்லை. ஐந்து மாதம் அணிந்த பின் வில்லையால் பார்த்தேன், ஒரு கீறலும் இல்லை. பதிப்பித்த பொற்கொல்லரிடம் தீச்சுடரைக் கல்லின் அருகே கொண்டுவர வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன். அவர் பதக்கத்தை முழுவதும் பற்றவைத்து, வெங்காரப் பூச்சையும் கழுவித் துடைத்த பிறகே கல்லை இருத்தினார். சுத்தம் செய்ய வெதுவெதுப்பான சவர்க்கார நீரும் மென்மையான தூரிகையும் போதும்.

நான் கொடுத்த விலை 110,000 ரூபா. நிறத்தை மட்டும் பார்த்து வாங்குபவருக்கு இது அதிகம். இதைவிடப் பளிச்சென்ற பழுப்புச் சிர்க்கோன் குறைந்த விலைக்குக் கிடைக்கும். தான் வைத்திருப்பது என்ன என்று அறிந்து மகிழ்பவருக்கு மட்டுமே இந்தக் கல்லைப் பரிந்துரைப்பேன். நிறத்துக்காகச் சூடேற்றப்பட்ட கற்கள் மலிந்த சந்தையில், சிங்ஹலைட் பொதுவாக எந்தச் செயற்கை மேம்படுத்தலும் இல்லாமலேயே விற்கப்படுவதும் அதன் மதிப்பைக் கூட்டுகிறது.

நான் சொல்வதாகக் குறிப்பிட்ட குறை பற்றுச்சீட்டில் நேர்ந்தது. சிங்ஹலைட்டுக்குரிய விலையை வாங்கிக்கொண்டு, பழக்கதோஷத்தால் நானா ‘பெரிடொட் ஒன்று’ என்று எழுதிவிட்டார். பின்னாளில் கல்லை விற்கவோ திருப்பிக் கொடுக்கவோ நேர்ந்தால் அந்த ஒரு சொல்லால் வாங்கியவருக்குத்தான் இழப்பு; ஆகவே எந்தக் கடையானாலும் கனியத்தின் பெயர், எடை, அளந்த முறிவுச்சுட்டி ஆகியவற்றைச் சீட்டில் எழுதி வாங்குங்கள், சோதனை அறிக்கை இல்லாமல் இந்த விலை கொடுக்காதீர்கள். நான் கேட்டதும் நானா மறுப்பின்றிப் பழைய சீட்டைக் கிழித்துவிட்டு, மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, அறிக்கையிலிருந்த பெயரை எழுத்துக்கூட்டிப் பார்த்து, ‘சிங்களைட், 4.18’ என்று தமிழில் எழுதிக் கையொப்பமிட்டுத் தந்தார்.