தமிழ்99-ஆ, தங்கிலீஷ் தட்டச்சா?

தமிழ் எழுத்துகளே விசைகளாக அமைந்த தமிழ்99 விசைப்பலகையா, ஆங்கில எழுத்தில் அடித்தால் தமிழாக மாறும் தங்கிலீஷா, தமிழில் அடிக்க எதைப் பழகுவது என்று குழம்புபவர்களுக்காக இது.

செலவு: இரண்டும் இலவசம்.

பழக: தங்கிலீஷ் இன்றே கைவரும். 1999-இல் தமிழக அரசு ஏற்ற தமிழ்99-க்குச் சில நாள் பயிற்சி வேண்டும்.

வேகம்: ‘அம்மா’ அடிக்கத் தங்கிலீஷில் ஒலிப்படி முழுதாக a, m, m, a, a என ஐந்து தட்டு. தமிழ்99-இல் அ, ம, ம, ஆ. நான்குதான், முதல் மகரத்துக்குப் புள்ளி தானாக விழும்.

எழுத்து: எனக்கு முக்கியம் இதுதான். தங்கிலீஷில் பழகிய என் அக்கா மகள் ‘பள்ளி’யா ‘பல்லி’யா என்று விரலை நிறுத்தி, திரை காட்டும் பட்டியலில் தேடுகிறாள். தமிழ்99-இல் ல, ள, ழ மூன்றுக்கும் தனித்தனி விசை. எழுத்தை நாமே நினைத்தாக வேண்டும்.

எப்போதாவது நாலு வரி வாட்ஸ்அப் என்றால் தங்கிலீஷ் போதும். தினமும் எழுதுகிறீர்களா, வீட்டில் பள்ளிப் பிள்ளை இருக்கிறதா? சரி, தமிழ்99-க்கு மாறிவிடுங்கள்.