லெட்யூஸா, முட்டைக்கோஸா? அடுப்பில்லாச் சுருளுக்கு ஏற்ற இலை

வாரத்தில் இரண்டு நாள் மதியச் சாப்பாடு எனக்கு இலைச்சுருள்தான். நிலக்கடலையை 8 மணி நேரம் ஊறவைத்து, தேங்காய்த் துருவல், இஞ்சி, பச்சைமிளகாய், எலுமிச்சைச் சாறு சேர்த்துக் கொரகொரப்பாக அரைத்தால் பூரணம் தயார். முந்திரி இன்னும் வழவழப்பாக வரும். ஆனால் பச்சை முந்திரி என்று கடையில் தருவதும் பெரும்பாலும் ஓட்டை உடைப்பதற்கு முன்பே ஆவியிலோ வறுப்பிலோ சூடுபட்டு வந்ததுதான். விலையும் அதிகம். ஆகவே கடலையோடு நின்றுகொண்டேன்.

தலைவலி இலையில்தான். முதலில் வாங்கியது லெட்யூஸ். கழுவினோம், சுருட்டினோம் என்று வேலை முடியும், மொறுமொறுப்புக்குக் குறைவில்லை. வீட்டில் சுருட்டிய கையோடு சாப்பிடுவதானால் இன்றும் அதையே எடுப்பேன். டப்பாவில் அடைத்து அலுவலகம் கொண்டுபோனால் கதை வேறு. பூரணத்திலுள்ள உப்பு இலையின் நீரை இழுத்துவிடுகிறது. ஒரு மணிக்கு மூடியைத் திறந்தால் கிழிந்த இலையும் பச்சைத் தண்ணீரும்தான் மிச்சம். ஸ்பூனால் அள்ளிச் சாப்பிடுவதற்கு எதற்குச் சுருட்ட வேண்டும்?

முட்டைக்கோஸ் இலை அப்படிக் கைவிடாது. ஆனால் மடக்கினால் முறியும். வெந்நீரில் முக்கினால் வளையும்தான். சுமார் 48 டிகிரி செல்சியஸுக்கு மேல் சூடு படக்கூடாது என்பது, எதையும் சமைக்காமல் பச்சையாகவே சாப்பிடும் பச்சை உணவுக்காரர்கள் பலர் போட்டுக்கொண்ட கோடு என்பதால் அந்த வழி அடைபட்டுவிடுகிறது. எனக்குக் கைகொடுத்தது ஃப்ரீசர். அடித்தண்டைக் குடைந்தெடுத்த முழுக் கோஸை ஓரிரவு உறையவைத்து, பிறகு ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டில் ஒரு நாள் இளகவிடுகிறேன். உள்ளிருக்கும் நீர் பனிக்கட்டியாகி இலையின் செல்களை உடைத்துவிடுவதால், இளகிய இலை ஈரத்துணிபோல் மடங்குகிறது. துடைத்து, நடுநரம்பின் தடிப்பைக் கத்தியால் சீவிவிட்டால் போதும். மொறுமொறுப்பு போய்விடும், கோஸ் வாடையும் கொஞ்சம் எழும். அதைக் கொத்துமல்லி அடக்கிவிடுகிறது. காலையில் சுருட்டியது மதியம்வரை சுருளாகவே இருக்கிறது. எனக்கு வேண்டியது அதுதான்.

வெற்றிலை ஒரு வாய்க்கு அருமை, வயிறு நிறையாது. தாய்லாந்தின் மியாங் காம் என்ற ஒருவாய்த் தின்பண்டத்தில் வெற்றிலையின் உறவுக்கார இலை ஒன்றில்தான் வேர்க்கடலை, தேங்காய், இஞ்சி எல்லாம் வைத்து மடிக்கிறார்கள். முட்டைக்கோஸுக்கு உறவான, அகன்ற இலைகொண்ட காலர்டு கீரையை அமெரிக்கப் பச்சை உணவுக்காரர்கள் கொண்டாடுவார்கள். எனக்கு ஒரே ஒருமுறை கிடைத்தது, அதுவும் முற்றிய இலை, கசந்தது. இளசாகக் கிடைத்திருந்தால் வேறு மாதிரி எழுதியிருப்பேனோ என்னவோ. சேப்பங்கிழங்கு இலை அகலமாக இருக்கிறதே என்று மட்டும் ஆசைப்படாதீர்கள். அதிலுள்ள கால்சியம் ஆக்சலேட் ஊசிகள் தொண்டையை அரித்தெடுத்துவிடும். குஜராத்திகள் பத்ரா என்ற தங்கள் இலைச்சுருளுக்கு அதை வேகவைப்பது சும்மா இல்லை.

ஒரு கோஸில் சுருட்டத் தோதாக ஏழெட்டு வெளி இலைகள் தேறும். உள்ளே இருப்பதை அன்றிரவே பொரியல் செய்துவிடுகிறேன், அடுப்பைப் பற்றவைத்துத்தான்.