பத்து வருஷம், மூன்று கம்ப்யூட்டர், கட்டுக் கட்டாக ஈர்க்குச்சி

எங்கள் பள்ளியில் டக்ஸ்மேத் என்ற கம்ப்யூட்டர் கணக்கு விளையாட்டில் யாராலும் ஜெயிக்க முடியாத நான்காம் வகுப்புப் பையன் ஒருவன், இரண்டாம் பருவத் தாளில் 52 − 37 = 25 என்று எழுதியிருந்தான். அடுத்தது 81 − 46. அதற்கு 45. அதற்கும் அடுத்தது 74 − 18. அதற்கு 64. மூன்றும் தப்பு, மூன்றும் ஒரே மாதிரித் தப்பு. மேலே சின்ன எண், கீழே பெரிய எண் வந்தால் பையன் சத்தமில்லாமல் தலைகீழாக்கிக் கழித்துவிடுகிறான். கடன் வாங்குவது என்ற பேச்சே இல்லை. ஸ்கிரீனில் கை வேகம் பார்த்தால் நமக்கே மூச்சு முட்டும். தாளில் இப்படி.

கம்ப்யூட்டர் வைத்துக் கணக்கு நடத்துவது எப்படி இருக்கிறது என்று யாராவது கேட்டால் நான் இந்தத் தாளிலிருந்துதான் ஆரம்பிப்பேன். குறை சொல்வதற்காக இல்லை. பத்து வருஷத்தில் எனக்குக் கிடைத்த நல்லது கெட்டது இரண்டும் இந்த மூன்று கழித்தலில் இருக்கிறது.

பள்ளி திருத்துறைப்பூண்டிக்கும் முத்துப்பேட்டைக்கும் நடுவே, வாய்க்கால் ஓரத்தில். ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளி. ஈராசிரியர் பள்ளி என்றால் தெரிந்தவர்களுக்குத் தெரியும்: ஒன்று, இரண்டு எச்.எம். சாரிடம், மூன்று, நான்கு, ஐந்து என்னிடம். ஒரே அறையில் மூன்று வகுப்பு. ஒரு வகுப்புக்குக் கழித்தல் நடத்தினால் மற்ற இரண்டும் சும்மா இருக்காது. 2015 ஜூனில் நான் கம்ப்யூட்டரைக் கொண்டுவந்ததே, உண்மையைச் சொன்னால், ஒரு கூட்டத்தை அரை மணி நேரம் உட்கார வைக்கத்தான். கல்விப் புரட்சி எல்லாம் மனசில் இல்லை.

முதலில் வந்தது என் மகளுக்கு ப்ளஸ் டூவில் கிடைத்த அரசு லேப்டாப். அவள் காலேஜுக்கு வேறு வாங்கிக்கொண்டதால் இது வீட்டில் தூங்கியது. அப்புறம் தஞ்சாவூரில் பழைய மேசைக் கம்ப்யூட்டர் ஒன்று. மூன்றாவது, ஊர்க்காரர் ஒருவர் சிங்கப்பூரிலிருந்து வந்திருந்தபோது வாங்கிக் கொடுத்தது. மூன்றிலும் லுபுண்டு என்ற இயங்குதளம் போட்டோம். பழைய மெஷினில் அதுதான் முனகாமல் ஓடியது. அதன் மேல் ஜிகாம்ப்ரி, டக்ஸ்மேத், கே டர்ட்டில், லிப்ரே ஆபிஸ். எல்லாமே இலவசம், ஒரு தடவை ஏற்றிவிட்டால் நெட் வேண்டாம். எங்கள் ஊரில் அப்போது நெட் கிடைக்க வேண்டுமானால் பள்ளி மாடிப்படியில் ஏறிக் கையைத் தூக்க வேண்டும்.

டக்ஸ்மேத் பற்றி முதலில். மேலேயிருந்து எரிகல் விழும், ஒவ்வொன்றின் மேலும் ஒரு கணக்கு. விடையைத் தட்டினால் வெடிக்கும். தட்டாவிட்டால் கீழே பனிவீட்டில் இருக்கும் பென்குவின் வீடிழக்கும். எங்கள் பிள்ளைகள் பென்குவினைப் பார்த்ததில்லை. "நீர்க்காக்கா டீச்சர்" என்றார்கள். வாய்க்காலில் முங்கி மீன் பிடிக்கும் நீர்க்காக்கை கரையில் நிற்கும் தோரணை கிட்டத்தட்ட அதேதான், நானும் திருத்தவில்லை. அன்றிலிருந்து அதன் பெயரே நீர்க்காக்கா விளையாட்டு.

வாய்ப்பாடு இதில் நன்றாக ஏறும். ஏழாம் வாய்ப்பாட்டில் சிக்கும் பிள்ளைகள் ஒரு மாசத்தில் சரளமாகிவிடுகிறார்கள், அதை நான் தைரியமாகச் சொல்வேன். ஆனால் நான் போட்டுக் கொடுத்த மட்டத்தில் விழுவதெல்லாம் 13 − 8, 9 − 4 மாதிரிச் சின்னக் கணக்கு. நம் வீரன் அதையெல்லாம் மனப்பாடமாக வைத்திருந்தான். இரண்டு இலக்கத்தில் பத்தைப் பிரிக்க வேண்டிய இடமே அவனுக்கு அங்கே வரவில்லை. விளையாட்டின் மேல் தப்பில்லை. வேகத்தைப் பார்த்து "இவனுக்குக் கழித்தல் வந்துவிட்டது" என்று டிக் அடித்த நான்தான் ஏமாந்தேன்.

பெரியவன் மைனஸ் சின்னவன் என்று தலைகீழாக்கும் இந்தப் பழக்கம் எங்கள் பையனின் கண்டுபிடிப்பு இல்லை என்று பிறகு தெரிந்தது. 1978-லேயே ஜான் சீலி பிரவுன், ரிச்சர்ட் பர்ட்டன் என்று இரண்டு பேர் இதைப் பற்றிக் கட்டுரை எழுதியிருக்கிறார்கள். பிள்ளைகள் கவனக்குறைவால் தப்புப் போடவில்லை, தப்பான ஒரு விதியை ஒழுங்காகப் பின்பற்றுகிறார்கள் என்பது அவர்கள் கட்சி. 'பக்கி' என்று ஒரு நிரலும் செய்தார்கள். அதில் கம்ப்யூட்டர் மாணவன் மாதிரித் தப்புத் தப்பாகக் கணக்குப் போடும், ஆசிரியர் உட்கார்ந்து அது எந்த விதியைப் பின்பற்றுகிறது என்று கண்டுபிடிக்க வேண்டும். கம்ப்யூட்டர் வாத்தியார் வேஷம் போடுவதைவிட மாணவன் வேஷம் போடுவது எனக்குப் பிடித்திருந்தது. அதைப் படித்த பிறகுதான் நான் சிவப்பு மையில் பெருக்கல் குறி போட்டுத் தாளைத் திருப்பித் தருவதை நிறுத்தினேன்.

பையனுக்கு என்ன செய்தேன்? கம்ப்யூட்டரை அணைத்தேன். தென்னை ஈர்க்குச்சியை விரல் நீளத்துக்கு ஒடித்து, பத்துப் பத்தாக ரப்பர் பேண்டு போட்டு ஒரு டப்பா நிறைய வைத்திருப்போம். டெல்டாவில் ஈர்க்குச்சிக்கா பஞ்சம்? ஐந்து கட்டும் இரண்டு தனிக் குச்சியும் கொடுத்து, "இதில் முப்பத்தேழு எடுத்து எங்கிட்ட குடு" என்றேன். மூன்று கட்டைப் பட்டென்று கொடுத்தான். ஏழு தனிக் குச்சிக்கு டப்பாவைத் துழாவினான். டப்பாவை மூடினேன். கையிலிருந்த இரண்டு குச்சியைப் பார்த்தான், மீதியிருந்த இரண்டு கட்டைப் பார்த்தான். ரொம்ப நேரம் கழித்து, "டீச்சர், கட்டைப் பிரிக்கலாமா?" என்றான். பிரிக்கக் கூடாது என்று நினைத்திருக்கிறான்! கட்டு என்றால் கட்டுதான். ரப்பர் பேண்டு டீச்சர் போட்டது. அதை எப்படிக் கழற்றுவது? பிரித்து எண்ணி, மீதி பதினைந்து என்று சொன்னபோது தன் விடைத்தாளை எட்டிப் பார்த்து அவனே சிரித்துவிட்டான்.

சரி, அப்படியானால் கம்ப்யூட்டர் எதற்கு என்று கேட்கலாம். இதைச் செய்ய எனக்கு அன்று இருபது நிமிஷம் கிடைத்ததற்குக் காரணமே, மற்ற வகுப்புப் பிள்ளைகள் மூன்று மெஷினிலும் தலைக்கு மேல் தலையாக உட்கார்ந்திருந்ததுதான். இன்னொன்று, டக்ஸ்மேத் ஒவ்வொரு ஆட்டம் முடிந்ததும் எந்தக் கணக்குகளைத் தவறவிட்டார்கள் என்று ஒரு சின்னக் கோப்பில் எழுதி வைக்கும். ரொம்ப நாள் அது இருப்பதே எனக்குத் தெரியாது. இப்போது வெள்ளிக்கிழமை சாயங்காலம் அதைத் திறந்து நோட்டில் பெயர் வாரியாகக் குறித்துக்கொள்கிறேன். தப்பு எதில் என்று அது சொல்லும். ஏன் என்று ஈர்க்குச்சிதான் சொல்லும்.

ஜிகாம்ப்ரி, பிள்ளைகளுக்கான பயிற்சிகளின் தொகுப்பு, 2000-இல் பிரான்சில் ஒருவர் ஆரம்பித்தது. "புரிஞ்சுடுச்சு" என்று பொருள்படும் பிரெஞ்சுச் சொற்றொடரிலிருந்து வந்த பெயர். இதில் மந்திரத் தொப்பி என்ற பயிற்சியை எந்தப் புத்தகத்துக்கும் நான் விட்டுக்கொடுக்க மாட்டேன். நட்சத்திரங்கள் தொப்பிக்குள் போகும், சில வெளியே வரும், உள்ளே மிச்சம் எத்தனை? மூன்றாம் வகுப்பு மெதுவான பிள்ளைகளும் இதில் வாய் திறப்பார்கள். தராசுப் பயிற்சியும் நல்லது.

ஆனால் பாதிப் பயிற்சிகளில் தப்பான விடைக்கு ஒரு சேதாரமும் கிடையாது. ஒரு பெண், ரொம்ப அமைதியானவள், எல்லா மட்டத்தையும் முடித்துவிட்டதாகக் காட்டினாள். பின்னால் நின்று பார்த்தால் 1, 2, 3 என்று வரிசையாகத் தட்டிக்கொண்டே போகிறாள். சரியானது வந்ததும் பூ சிரிக்கிறது, அடுத்தது. கணக்கே போடாமல் மெஷினை ஜெயிக்கும் வழியை எட்டு வயசில் கண்டுபிடித்திருக்கிறாள். திட்ட மனசு வரவில்லை. அதற்குப் பிறகு ஒரு சட்டம் கொண்டுவந்தேன்: மெஷினுக்கு இரண்டு பேர், தட்டுவதற்கு முன்னால் பக்கத்தில் இருப்பவரிடம் விடையைக் காரணத்தோடு சொல்ல வேண்டும். சத்தம் இரண்டு மடங்கானது. கணக்கும்தான்.

காசு கொடுத்துப் பொருள் வாங்கும் பயிற்சியில் ஸ்கிரீனில் வருவது யூரோ நோட்டு. அதை நான் முதலில் நடத்தியது 2016 டிசம்பர். செல்லாது என்று அறிவித்த ஐந்நூறு ரூபாய் நோட்டைக் கணக்கில் போட அப்பா அம்மா பேங்க் வாசலில் நின்றுகொண்டிருந்த மாசம். ஒரு பொடியன் கேட்டான், "டீச்சர், இதுவும் செல்லாத நோட்டா?" அந்தப் பயிற்சியை மூடிவிட்டு, பழைய கல்யாணப் பத்திரிகையை வெட்டி ரூபாய் நோட்டுப் பண்ணிக்கொண்டோம்.

நான் எதிர்பார்க்கவே எதிர்பார்க்காமல் அதிகம் உழைத்தது லிப்ரே ஆபிஸின் கால்க், கட்டம் கட்டமாக இருக்கும் விரிதாள். ஆபிஸில் கணக்கு எழுதுகிற சமாச்சாரம், தொடக்கப் பள்ளிக்கு எதற்கு என்றுதான் எனக்கும் இருந்தது. ஐந்தாம் வகுப்புக்குப் பின்னம் நடத்தும்போது ஒரு நாள் கட்டங்களைச் சதுரமாக்கி, இருபது கட்டத்துக்குக் கறுப்புக் கோடு போட்டு, "இது ஒரு வேலி நிலம்" என்றேன். ஒரு கட்டம் ஒரு மா. இருபது மா ஒரு வேலி என்பது எங்கள் பிள்ளைகள் வீட்டில் காதில் விழும் கணக்கு. மா என்ற சொல்லுக்கே பழைய தமிழ்க் கணக்கில் இருபதில் ஒன்று என்றுதான் பொருள். குறுவைக்கு ஐந்து மா என்று ஐந்து கட்டத்துக்குப் பச்சை அடித்தால் கால் வேலி. கால் என்பதும் இருபதில் ஐந்து என்பதும் ஒன்றுதான் என்பதை நான் சொல்லவில்லை, கட்டம் சொல்லியது. மறுநாள் ஒரு மாவை மட்டும் பெரிதாக்கிப் பத்துக்குப் பத்துக் கட்டம், நூறு குழி. தசமத்துக்கு இதைவிட நல்ல படம் எனக்கு அமையவில்லை. அன்று சாயங்காலம் ஒருத்தியின் தாத்தா சைக்கிளை நிறுத்திவிட்டு வந்து, "பள்ளிக்கூடத்துல மா, குழியெல்லாம் சொல்லித்தர்றீங்களாமே" என்று ஸ்கிரீனைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, மூணு மா ஒரு ஏக்கர் என்பதையும் சேர்த்துச் சொல்லச் சொல்லிவிட்டுப் போனார்.

கே டர்ட்டில், கட்டளை தட்டினால் ஸ்கிரீனில் ஒரு ஆமை நகர்ந்து கோடு போடும் நிரல், லோகோ வம்சம். சீமோர் பேப்பர்ட், சிந்தியா சாலமன், வாலி ஃபுர்சைக் ஆகியோர் 1967-இல் உருவாக்கிய லோகோ மொழியின் ஆமையைத்தான் இதிலும் ஓட்டுகிறோம். முன்னே நூறு போ, தொண்ணூறு திரும்பு, நான்கு தடவை. சதுரம். இங்கிலீஷ் கட்டளைகளைப் பிள்ளைகள் நோட்டில் தமிழ் எழுத்தில் 'ஃபார்வர்டு', 'டர்ன்ரைட்' என்று எழுதி வைத்துக்கொண்டு பார்த்துப் பார்த்துத் தட்டுவார்கள். சமபக்க முக்கோணம் வந்தபோது எல்லாரும் அறுபது கொடுத்தார்கள், நான் உட்பட. வாய் திறந்த உருவம் வந்தது. ஒரு பெண் விடாமல் இன்னும் மூன்று தடவை அதையே தட்ட, அறுகோணம் மூடிக்கொண்டது. அவளுக்கு ஒரே சந்தோஷம், எனக்குக் குழப்பம். கடைசியில் தாழ்வாரத்தில் சாக்பீஸால் முக்கோணம் போட்டு நடந்து பார்த்தோம். மூலையில் உடம்பு எவ்வளவு திரும்புகிறது என்று பார்த்தால் அறுபது இல்லை, நூற்றிருபது. உள்ளே இருக்கும் கோணம் வேறு, ஆள் திரும்பும் கோணம் வேறு. இருபது வருஷ சர்வீஸில் இதைக் காலால் புரிந்துகொண்டது அன்றுதான்.

மார்கழியில் ஆமையை வைத்துக் கோலம் போடச் சொன்னேன். நெளிக்கோலம் வரவில்லை, நேர்கோட்டுக் கோலங்கள் வந்தன. சென்னைக் கிறித்தவக் கல்லூரியைச் சேர்ந்த கிஃப்ட் சிரோமணி, ராணி சிரோமணி, அவர்களோடு கமலா கிருத்திவாசன் எல்லாம் 1974-லேயே கோலத்தைக் கணினி மொழியின் இலக்கணமாக எழுதிக் காட்டியிருக்கிறார்கள். கும்பகோணம் பக்கம் என்பதால் கணக்கு என்றாலே ராமானுஜன் படத்தை மாட்டிவிட்டு வேலை முடிந்தது என்று இருக்கிறோம். இந்தப் பெயர்களும் வாசல் பெருக்கும் பிள்ளைகள் காதில் விழலாம்.

மெஷின் பராமரிப்பு தனிக் கதை. தை அறுவடையில் பள்ளி முன் ரோட்டிலேயே நெல் காயும். பதரும் தூசியும் கீபோர்டுக்குள். வயல் காலியானதும் எலி வயரைத் தேடி வரும். 2018 நவம்பர் 16 விடியற்காலை கஜா புயலில் ஓடு பறந்து மேசைக் கம்ப்யூட்டர் இரண்டும் நனைந்தன. பல நாள் கரண்டே இல்லை. நல்ல காலம், உடனே போட்டுப் பார்க்க வழியில்லாமல் நன்றாகக் காய்ந்த பிறகு போட்டதால் ஒன்று பிழைத்தது. கொரோனாவுக்குப் பின் 2021 நவம்பரில் பள்ளி திறந்தபோது பிழைத்ததன் பின்பக்க ஓட்டைகளில் குளவி மண்கூடு கட்டியிருந்தது. ஒரு வருஷம் ஒரு நிறுவனத்தார் வந்து பளபளப்பான கணக்கு மென்பொருள் ஒன்றை நன்கொடையாளர் பணத்தில் போட்டுவிட்டுப் போனார்கள். இங்கிலீஷ் குரல், தடதடவென்று வீடியோ. அடுத்த ஜூனில் திறந்தால் உரிமம் முடிந்தது, பணம் கட்டு என்றது. கூப்பிட்ட நம்பரை யாரும் எடுக்கவில்லை. அதிலிருந்து இலவச மென்பொருளைத் தவிர எதையும் தொடுவதில்லை.

2022-இல் அரசின் எண்ணும் எழுத்தும் திட்டம் வந்த பிறகு, பிள்ளைகளைக் கற்றல் நிலைப்படி அரும்பு (ஆரம்ப நிலை), மொட்டு (நடு நிலை), மலர் (மேல் நிலை) என்று பிரித்து உட்கார வைப்பதால் மெஷினுக்கு வேலை சுலபமாகிவிட்டது. மலர் குழுவிடம் கே டர்ட்டில், மொட்டிடம் மந்திரத் தொப்பி. அரும்புக் குழுவை மெஷினிடம் விடுவதே இல்லை. அவர்கள் என் பக்கத்தில், ஈர்க்குச்சியோடு. மேலதிகாரிகள் பார்வைக்கு வரும்போது கொஞ்சம் பின்தங்கிய பிள்ளைகளைத்தான் கம்ப்யூட்டர் முன் உட்கார வைக்க வேண்டும் என்கிறார்கள். நான் தலையாட்டிவிட்டு இப்படியே தொடர்கிறேன்.

புதிதாக ஆரம்பிக்கிறவர்கள் பணத்தைப் புது மெஷினில் போடாதீர்கள். எண் விசைகள் தனியாக வலப்பக்கம் இருக்கிற கீபோர்டு, பேட்டரி நல்லதாக ஒரு யு.பி.எஸ்., அவ்வளவு போதும். என் பழைய கீபோர்டில் 7 தேய்ந்து எழுத்தே தெரியவில்லை. ஸ்கெட்ச் பேனாவால் எழுதினால் இரண்டு நாளில் அழிகிறது. நெயில் பாலிஷ் நிற்கிறது.