காலத்துக்கு எந்த உடம்பு: மானா, திமிங்கிலமா?

காலம் உயிர்பெற்று இலங்கையின் திருகோணமலையில் உலாவிய ஒரு யுகத்தைக் கதையாக எழுதிக்கொண்டிருக்கிறேன். அதற்கு எந்த உடம்பு பொருந்தும்?

முதலில் தோன்றியது கோட்டைக்குள் திரியும் புள்ளிமான். கோணேசர் கோயிலுக்கு ஏறுகையில் பழத்தோலுக்காகக் கையை முகரும். ஈர மூக்கு உள்ளங்கையில் படும். 1620களில் போர்த்துக்கேயர் கோயிலை இடித்து, அந்தக் கற்களையே கோட்டைக்கு எடுத்தார்கள். அச்சுவரோரம் படுத்து அசைபோடும் மான், காலத்துக்கு நல்ல உருவம்தான். ஆனால் மிரண்டு ஓடும். காலம் எதற்கு மிரள வேண்டும்?

நீலத் திமிங்கிலம் ஆழத்தில் இருக்கையில் அதன் இதயம் நிமிடத்துக்கு 2 துடிப்பு வரை இறங்கும். என் யுகத்தில், ஒரு துடிப்புக்கும் அடுத்ததற்கும் நடுவே ஓர் அரசே எழுந்து விழும். மனம் இதில்தான் நிற்கிறது. மான் நாழிகையாகக் கரையில் மேயட்டும்.