டார்க் கணக்கு: கோணமா, செங்குத்துத் தூரமா, கூறுகளா?

ஒரு விசை அச்சைச் சுற்றி எவ்வளவு திருப்பும் என்பதுதான் டார்க், அதாவது திருப்புத்திறன். அதைக் கணக்கிட மூன்று வழிகள் உண்டு. சரியாகப் போட்டால் விடை ஒன்றுதான். எதில் கை தவறாமல் இருக்கிறது என்பதுதான் கேள்வி. முதல் இரண்டையும் மாற்றி மாற்றிப் போட்டுப் பல விடைகளைக் கோட்டைவிட்ட பிறகு, நான் மூன்றாவதுக்கு வந்து சேர்ந்தேன்.

முதல் வழி எல்லோருக்கும் தெரிந்தது: தூரம் × விசை × சைன் தீட்டா. ஸ்பேனரின் கைப்பிடிக்கும் விசைக்கும் இடையிலான கோணத்தைக் கணக்கே சொல்லிவிட்டால் இதைவிடச் சுருக்கமான வழி இல்லை. கம்பி சாய்ந்திருந்து, விசையின் கோணத்தைக் கிடைமட்டத்திலிருந்து கொடுத்தால்தான் சிக்கல். அந்தக் கோணத்தை அப்படியே சைனுக்குள் போட்டுவிடத் தோன்றும்.

இரண்டாவது வழியில் விசையின் செயல்கோட்டை, அதாவது விசை செயல்படும் நேர்கோட்டை, நீட்டி, அச்சிலிருந்து அதற்குச் செங்குத்துத் தூரம் எடுக்கிறோம். படம் பார்த்துப் புரிந்துகொள்ள இதுவே சிறந்தது. செயல்கோடு அச்சு வழியாகப் போனால் டார்க் பூஜ்யம் என்பது கண்ணிலேயே தெரியும். சுவரில் சாய்த்த ஏணிக் கணக்கில் அடிப்புள்ளியை அச்சாக எடுப்பது இதனால்தான். அங்கே செயல்படும் இரண்டு தெரியாத விசைகளும் ஒரே அடியில் கழன்றுவிடும்.

மூன்றாவது வழி, விசையைக் கூறுகளாகப் பிரித்து ஒவ்வொன்றின் திருப்புத்திறனையும் கூட்டுவது. இதற்கு அடிப்படை, பிரெஞ்சுக் கணிதவியலாளர் வரிஞோன் பெயரில் வழங்கும் தேற்றம். அச்சிலிருந்து வலப்பக்கத் தூரம் × மேல்நோக்கிய விசைக்கூறு. அதிலிருந்து உயரம் × வலப்பக்க விசைக்கூற்றைக் கழிக்க வேண்டும். அவ்வளவுதான்.

என் முடிவைத் தீர்மானித்தது குறி. இடஞ்சுழியா வலஞ்சுழியா என்பதை முதல் இரண்டு வழிகளிலும் நாம்தான் படம் பார்த்து ஒட்டவைக்க வேண்டும். இங்கே அது தானாகவே வந்துவிடும். ஓர் உதாரணம்: அச்சிலிருந்து 0.4 மீட்டர் வலப்பக்கம், 0.1 மீட்டர் உயரத்தில் 100 நியூட்டன் விசை, வலப்பக்கம் 80, மேல்நோக்கி 60 என்ற கூறுகளோடு இழுக்கிறது. 0.4 × 60 = 24, 0.1 × 80 = 8. விடை 16 நியூட்டன் மீட்டர். குறி நேர்மம், அதனால் இடஞ்சுழி.

இப்போது அச்சை மட்டும் 0.2 மீட்டர் கீழே இறக்குங்கள். உயரம் 0.3 ஆகிறது; 24 − 24 = 0. செயல்கோடு அச்சு வழியாகவே போகிறது என்று அர்த்தம். இன்னும் 0.1 இறக்கினால் 24 − 32 = −8, அதாவது வலஞ்சுழி. விசை மாறவில்லை, அது பிடிக்கும் இடமும் மாறவில்லை, சுழலும் திசை மட்டும் புரண்டுவிட்டது. செங்குத்துத் தூர வழியில் ஒவ்வொரு முறையும் புதிதாகப் படம் வரைந்து, முக்கோணம் தேடி, திசையையும் கண்ணால் தீர்மானித்திருப்பேன். நான் வழக்கமாகச் சறுக்குவது அந்த இடத்தில்தான். ஒரே பொருளில் நான்கைந்து விசைகள் இருந்தால் ஒரு குறி பிசகினாலே மொத்தச் சமநிலையும் போய்விடும்.

இதற்காகப் படத்தை விட்டுவிடச் சொல்லவில்லை. கூறுகளால் விடை எடுத்த பிறகு, செயல்கோடு அச்சின் எந்தப் பக்கமாகப் போகிறது என்று இன்றும் ஒருமுறை பார்த்துக்கொள்கிறேன். அப்புறம், கப்பி, சக்கரம் போன்றவற்றில் விசை ஆரத்துக்குச் செங்குத்தாகவே இருக்கும். அங்கே கூறாகப் பிரிப்பது வீண் வேலை.

முப்பரிமாணக் கணக்குகள் நான் போட்டவை கொஞ்சம்தான், அதனால் அங்கே அடித்துச் சொல்லத் தயக்கம். இதே முறைதான் அங்கே வெக்டர் பெருக்கலாக விரிகிறது. ஆனால் அணிக்கோவையாக எழுதும்போது நடு உறுப்பின் கழித்தல் குறியை இரண்டு முறை விட்டிருக்கிறேன். அப்படியிருந்தும், கோணத்தையோ செங்குத்துத் தூரத்தையோ முப்பரிமாண வெளியில் தேடுவதைவிட இந்த முறை எனக்கு எளிதாகவே இருந்தது.