எழுத்தறிவு முதல்ல எந்த மொழில? நாலு வழி, ஒரு அலசல்

தாய்மொழில படிக்க வைக்கணுமா, நேரா இங்கிலீஷ்ல போட்டுடலாமான்னு பேச்சு வந்தா உலகத்துல ரெண்டே வழிதான் இருக்குற மாதிரி எல்லாரும் சண்டை போடுவாங்க. ஆனா பல மொழி பேசுற நாடுகள பாத்தா குறைஞ்சது நாலு வழி நடைமுறைல இருக்கு, ஒரே வழி ஒரு ஊர்ல நல்லா ஓடுது, இன்னொரு ஊர்ல அப்படியே படுத்துடுது. அது ஏன்னுதான் பாக்கணும். யுனெஸ்கோ 2016ல சொன்ன கணக்குப்படி உலக மக்கள்ல சுமார் 40 சதவீதம் பேருக்கு, தாங்க பேசுற இல்ல புரிஞ்சுக்குற மொழில படிக்குற வாய்ப்பே கிடைக்கல. பத்துல நாலு பேர், இது யாரோ ஒரு சிலரோட பிரச்சனை இல்ல.

அலசலுக்கு முன்னாடி ஒரு அடிப்படை. வாசிக்கிறதுல ரெண்டு வேலை இருக்கு. எழுத்த பாத்து சத்தமா மாத்துறது ஒண்ணு, அந்த சத்தம் ஏற்கனவே நமக்கு தெரிஞ்ச வார்த்தையோட போய் ஒட்டிக்கிறது இன்னொண்ணு. முதல் வேலைய எந்த மொழிலயும் பழக்கிடலாம். ரெண்டாவது நடக்கணும்னா அந்த வார்த்தை பிள்ளையோட காதுல முன்னாடியே ஏறியிருக்கணும். கீழ சொல்ற நாலு வழியும் இந்த ரெண்டாவது வேலைலதான் ஜெயிக்குது, இல்ல தோக்குது.

நேரா பள்ளி மொழில இறக்கிவிடறது

லக்சம்பர்க்க எடுத்துக்குங்க. அங்க பாலர் வகுப்புல லக்சம்பர்கிஷ் பேசுவாங்க, முதல் வகுப்பு வந்ததும் எழுத்து படிக்கிறது ஜெர்மன்ல, அடுத்து சீக்கிரமே பிரெஞ்சும் வந்துடும். லக்சம்பர்கிஷ் பேசுற வீட்டு பிள்ளைக்கு இது பெரிய சிரமம் இல்ல, ரெண்டும் சொந்தக்கார மொழி. மரத்துக்கு ஜெர்மன்ல பௌம், லக்சம்பர்கிஷ்ல பாம். அந்த பிள்ளை எழுத்துக்கூட்டி பாதி வரும்போதே இது மரம்தான்னு பிடிச்சிடும். அதே நாட்டுல போர்ச்சுகீஸ் பேசுற குடும்பங்களும் நிறைய, அந்த வீட்டுல மரம்னா ஆர்வோர். அந்த பிள்ளையும் அதே எழுத்த அதே மாதிரி சரியா கூட்டி பௌம்னு சத்தமா வாசிக்கும், டீச்சரும் வெரிகுட்னு சொல்வாங்க, ஆனா வாசிச்சது மரம்னு உள்ள போய் ஒட்டாது. வாசிப்பு நல்லாருக்கு, புரிதல் இல்ல. இந்த ஓட்டை கீழ் வகுப்புல வெளில தெரியாது, மேல போய் பாடம் கனமானதும்தான் தெரியும். லக்சம்பர்க் அரசே இத பாத்துட்டு 2022ல ஒரு சில பள்ளிகள்ல பிரெஞ்சுல எழுத்தறிவு தொடங்குற சோதனைய ஆரம்பிச்சுது, போர்ச்சுகீஸ் பிள்ளைங்களுக்கு பிரெஞ்சு கொஞ்சம் கிட்ட வரும்ங்கறதால.

இதே வழி அமோகமா ஓடின இடமும் இருக்கு. கனடால மான்ட்ரியல் பக்கத்துல செயின்ட் லாம்பர்ட்ல 1965ல இங்கிலீஷ் பேசுற பெற்றோரே கேட்டு வாங்கி, பிள்ளைங்கள முழுக்க பிரெஞ்சு வகுப்புல போட்டாங்க. வாலஸ் லாம்பர்ட், ரிச்சர்ட் டக்கர்னு ரெண்டு ஆய்வாளர்கள் வருஷக்கணக்கா பின்தொடர்ந்து பாத்ததுல, இங்கிலீஷ் வாசிப்பு முதல்ல பின்தங்குச்சு, இங்கிலீஷ் பாடம் சேர்ந்ததும் சில வருஷத்துல சரியாயிடுச்சு, பிரெஞ்சும் கைவசம் வந்துடுச்சு. இத காட்டித்தான் பல பேரு "பாரு, வேற மொழில போட்டாலும் பிள்ளை கத்துக்குது"ன்னு வாதாடுவாங்க. ஆனா அந்த பிள்ளைங்க வீட்டுல புத்தகம் இருந்துது, பெற்றோர் படிச்சவங்க, இங்கிலீஷ் அந்த கண்டத்துலயே பலமான மொழி, அது அழிஞ்சு போற பயமே இல்ல. இருக்குற மொழி மேல இன்னொண்ணு ஏறுச்சு, அவ்வளவுதான். வீட்டு மொழிக்கு மதிப்பே இல்லாத இடத்துல அதே முறைய போட்டா புதுசு வரும்போது பழசு போயிடும், இந்த வித்தியாசத்த எழுதி வச்சதும் அதே லாம்பர்ட்தான். அதனால செயின்ட் லாம்பர்ட் கதைய ஒரு பழங்குடி கிராமத்துக்கோ அகதி குடும்பத்துக்கோ உதாரணமா சொல்றது நியாயமே இல்லன்னு நான் அடிச்சு சொல்வேன்.

தாய்மொழில தொடங்கி அப்புறம் மாத்துறது

கேக்க ரொம்ப நியாயமா இருக்கும், எத்தனாவது வருஷத்துல மாத்துறாங்கங்கறதுலதான் எல்லாமே இருக்கு. 1970ல நைஜீரியாவோட இலே இஃபேல பாப்ஸ் ஃபஃபுன்வாங்கற கல்வியாளர் தலைமைல ஒரு திட்டம் தொடங்குனாங்க. ஒரு பிரிவுக்கு ஆறு வருஷமும் எல்லா பாடமும் பிள்ளைங்களோட தாய்மொழியான யொருபால, இங்கிலீஷ் ஒரு தனிப்பாடம், அதுக்கு நல்லா தேர்ந்த ஆசிரியர். இன்னொரு பிரிவுக்கு வழக்கம்போல மூணு வருஷம் யொருபா, அப்புறம் இங்கிலீஷ். ஆறு வருஷம் யொருபால படிச்ச பிள்ளைங்க மத்த பாடத்துல முன்னாடி வந்தாங்க, சரி, இங்கிலீஷ்லயும் பின்தங்கல. இங்கிலீஷ் வழில அதிக நேரம் உக்காந்தா இங்கிலீஷ் அதிகமா வரும்ங்கற கணக்கு அங்கயே உடைஞ்சு போச்சு. எத்தியோப்பியால 1994ல வந்த கல்விக்கொள்கைக்கு அப்புறம் சில பகுதிகள்ல எட்டாவது வரைக்கும் தாய்மொழில நடத்துனாங்க, சில பகுதிகள்ல முன்னாடியே மாத்துனாங்க, எட்டாவது தேர்வுல தாய்மொழி அதிக வருஷம் ஓடின பகுதிகள்தான் மேல வந்துச்சு.

இருமொழிக்கல்விய ஆராய்ஞ்ச ஜிம் கம்மின்ஸ் இதுக்கு காரணம் சொல்றாரு. புது மொழில விளையாட்டு மைதானத்துல பேசுற அளவுக்கு வர்றதுக்கு ரெண்டு வருஷம் போதும், பாடப்புத்தகத்த புரிஞ்சு எழுதுற அளவுக்கு வர்றதுக்கு அஞ்சுலேர்ந்து ஏழு வருஷம் ஆகும். ஆனா பல நாடுகள்ல மூணாவது முடிஞ்சதும் மாத்திடுறாங்க. பிள்ளை சரளமா பேசுதே, அப்புறம் என்னன்னு நினைக்குறாங்க. எனக்கு ரொம்ப கோவம் வர்ற இடம் இதுதான், ரெண்டு மொழிலயும் பாதி தூரத்துல பிள்ளைய விட்டுட்டு அப்புறம் மார்க் குறைஞ்சுடுச்சுன்னு பிள்ளையவே குறை சொல்றது.

நடைமுறை சிக்கல் இல்லன்னும் சொல்ல முடியாது. பிலிப்பைன்ஸ்ல 2012லேர்ந்து கீழ் வகுப்புகள்ல தாய்மொழிவழி கல்வி, முதல்ல 12 மொழி, பிறகு 19. அங்க பேசப்படுறதோ நூத்துக்கும் மேல. ஒரே வகுப்புல மூணு வீட்டு மொழி இருந்தா எத எடுக்குறது, புத்தகம் இல்லாத மொழில டீச்சர் என்ன பண்ணுவாங்க? கடைசில 2024 அக்டோபர்ல சட்டம் போட்டு கட்டாயத்த எடுத்துட்டாங்க, எல்லா பிள்ளைக்கும் ஒரே மொழியா இருக்குற வகுப்புக்கு மட்டும் விருப்பம்னு விட்டுருக்காங்க. பப்புவா நியூகினியா 800க்கு மேல மொழி இருக்குற நாடு, 1990கள்ல துணிஞ்சு நூத்துக்கணக்கான மொழில ஆரம்பக்கல்வி தொடங்குச்சு, 2013ல திரும்ப இங்கிலீஷுக்கு போயிடுச்சு. இந்த ரெண்ட வச்சு தாய்மொழிக்கல்வி தோத்துடுச்சுன்னு சொல்றவங்கள நான் ஏத்துக்க மாட்டேன், புத்தகமும் பயிற்சியும் குடுக்காம கொள்கைய மட்டும் அறிவிச்சா எந்த மொழியா இருந்தாலும் இதே கதிதான்.

ரெண்டையும் சேத்து நடத்துறது

சிங்கப்பூர்தான் எல்லாரும் காட்டுற உதாரணம். 1987லேர்ந்து எல்லா பள்ளிலயும் இங்கிலீஷ் முதல் மொழி, கூடவே தாய்மொழி ஒரு பாடம், அந்த தாய்மொழியும் பெரும்பாலும் இனத்த வச்சு முடிவாகுது. வீட்டுல ஹொக்கியன்ங்கற இன்னொரு சீன மொழி பேசுன பிள்ளைக்கும் மாண்டரின்தான் தாய்மொழின்னு வந்துச்சு. கல்வித்தரத்துல யாரும் குறை சொல்ல முடியாது, உலகத்தரம். ஆனா 2010ல வீட்டுல அதிகமா பேசுற மொழி இங்கிலீஷ்னு சொன்னவங்க 32.3 சதவீதம், 2020ல 48.3. தமிழ் 3.3லேர்ந்து 2.5க்கு இறங்கியிருக்கு. தாய்மொழிய பாடமா மட்டும் வச்சு கணக்கு அறிவியல் எல்லாம் இன்னொரு மொழில ஓடினா பிள்ளை எந்த மொழில யோசிக்கும்னு யாருக்கும் தெரியும்.

அங்க நடந்த ஒரு நல்ல விஷயத்தையும் சொல்லணும். 2005ல தமிழ் பாடத்திட்டத்த மறுபரிசீலனை பண்ணினப்போ பேச்சுத்தமிழையும் வகுப்புக்குள்ள கொண்டு வரணும்னு பரிந்துரைச்சாங்க. இது நம்ம மொழிக்கு உயிர் பிரச்சனை. பேசுறது ஒண்ணு எழுதுறது ஒண்ணுன்னு இருக்குற மொழில, தாய்மொழில படிக்குற பிள்ளைக்கே புத்தகம் பாதி அந்நியமா தெரியும். அரபு பிள்ளைங்களுக்கும் இதேதான், வீட்டுல பேசுறது வட்டார அரபு, புத்தகத்துல ஃபுஸ்ஹாங்கற எழுத்து வழக்கு அரபு. பௌம் பிரச்சனை அவங்களுக்கு சொந்த மொழிக்குள்ளயே வருது. தாய்மொழிக்கல்வின்னு கொடி புடிக்குறவங்க இத பத்தி அதிகமா பேச மாட்டேங்குறாங்க, பேசணும்.

எழுத்து முறையும் வேகத்த மாத்தும். 2003ல வெளிவந்த ஐரோப்பிய ஒப்பீட்டுல முதல் வருஷ முடிவுல ஃபின்லாந்து பிள்ளைங்க பழகின வார்த்தைகள்ல 98 சதவீதத்த சரியா வாசிச்சாங்க, ஸ்காட்லாந்துல இங்கிலீஷ் படிக்குற பிள்ளைங்க 34 சதவீதம். ஸ்காட்லாந்து பிள்ளைங்க வயசுல சின்னவங்கதான், ஆனா பெரிய காரணம் இங்கிலீஷ் எழுத்துக்கும் சத்தத்துக்கும் இருக்குற தகராறு. நம்ம பக்கத்து எழுத்துகள்ல சத்தம் நேரா வரும், ஆனா எழுத்து எண்ணிக்கை அதிகம், கன்னட பிள்ளைங்கள ஆராய்ஞ்ச சோனாலி நாக் நாலாவது வகுப்பு வரைக்கும் அட்சரம் பழகுறது நீளுதுன்னு காட்டியிருக்காங்க. ரெண்டையும் ஒரே நேரத்துல தொடங்குறதா இருந்தா இந்த வேகத்த தெரிஞ்சுகிட்டு தொடங்கணும், ஒரே அட்டவணைய ரெண்டுக்கும் போட்டா ஒண்ணு அடிவாங்கும்.

பள்ளிக்கே போகாம கத்துக்கிறது

எனக்கு ரொம்ப பிடிச்சது இந்த நாலாவது வழி. மேற்கு ஆப்பிரிக்காவுல இருக்குற லைபீரியால வாய் (Vai)னு ஒரு சமூகம், 1830கள்ல மொமொலு துவாலு புகேலேங்கறவர் அவங்க மொழிக்கு தனி எழுத்து உண்டாக்குனாரு, ஒரு அசைக்கு ஒரு எழுத்து, மொத்தம் இருநூறு சொச்சம். வகுப்பறை கிடையாது, நண்பரோ சொந்தக்காரரோ பக்கத்துல உக்காந்து சொல்லித்தருவாங்க, கத்துகிட்டு கடிதமும் கணக்கும் குடும்ப விவரமும் எழுதிக்குவாங்க. வார்த்தைக்கு நடுவுல இடைவெளி விட மாட்டாங்க, அர்த்தத்த மாத்துற குரல் ஏத்த இறக்கத்தயும் எழுத்துல காட்ட மாட்டாங்க. அதனால வாசிக்குறவர் அசைகள வாய்விட்டு ஒரு தடவ சொல்வாரு, இழுத்து ஒரு தடவ, குறுக்கி ஒரு தடவ, பிரிச்சு சேத்து சொல்லிப் பாத்து அர்த்தம் தட்டுப்படற வரைக்கும் விட மாட்டாரு. காதுல மொழி இருக்குறதாலதான் அது முடியுது.

அதே ஊர்ல பள்ளில இங்கிலீஷ், குர்ஆன் வகுப்புல அரபியும் இருந்துச்சு. சில்வியா ஸ்கிரிப்னர், மைக்கேல் கோல்னு ரெண்டு உளவியலாளர்கள் மூணு எழுத்தறிவையும் ஒப்பிட்டு 1981ல வெளியிட்டாங்க. எழுத்து தெரிஞ்சா புத்தி மொத்தமா கூர்மையாயிடும்னு அதுவரைக்கும் ஒரு நம்பிக்கை, அத அவங்க கண்டுபிடிப்பு அசைச்சுடுச்சு. காரணத்த வார்த்தைல விளக்கி சொல்றதுல பள்ளி போனவங்க முன்னாடி, வரிசையா கூட்டிகிட்டே போற ஞாபக சோதனைல குர்ஆன் படிச்சவங்க, பிரிச்சு சொன்ன அசைகள சேத்து வாக்கியம் பிடிக்குறதுல வாய் எழுத்து தெரிஞ்சவங்க. எத எதுக்கு பயன்படுத்துறோமோ அது அதுலதான் கை தேறும். குறைன்னு பாத்தா, அந்த எழுத்த வச்சு வேலையோ மேல்படிப்போ வாங்க முடியாது, அது உண்மை.

என் தேர்வு வெளிப்படையாவே சொல்றேன். ஆறு வருஷம் வீட்டு மொழில எல்லா பாடமும், கூடவே இங்கிலீஷோ வேற பெரிய மொழியோ அத நல்லா தெரிஞ்ச ஆசிரியர்கிட்ட தனிப்பாடமா, அதாவது இலே இஃபே வழி. பல மொழி கலந்த வகுப்புல பட்டியல்ல எந்த மொழியோட பேர் இருக்குன்னு பாக்காம பிள்ளைங்க விளையாடும்போது எந்த மொழில சண்டை போட்டுக்குறாங்களோ அத எடுக்கலாம். ரெண்டு மொழிலயும் சொல்லித்தர்றோம்னு ஒரு பள்ளி சொன்னா கணக்கும் அறிவியலும் எந்த மொழில, எந்த வகுப்பு வரைக்கும், அந்த மொழில வாசிக்க கதைப்புத்தகம் இருக்கா, டீச்சருக்கு அந்த மொழில பாடம் நடத்த பயிற்சி உண்டான்னு கேளுங்க. மூணாவது வரைக்கும்தான்னு பதில் வந்தா, நாலாவதுலேர்ந்து வீட்டு மொழில தினமும் வாசிக்க வைக்குற வேலைய வீடுதான் ஏத்துக்கணும், அத சேரும்போதே முடிவு பண்ணிக்குங்க.